எஸ்.டி. சுப்புலட்சுமி: நம் ஆற்றங்கரையிலிருந்து போன ஒரு நடிகை

(ஆழ்வார்திருநகரியில் இளைஞர்களின் வாசிப்பு வட்டக் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



என்னை ஒரு நடிகையைப் பற்றிப் பேச அழைத்திருக்கிறீர்கள். சாதி ஒழிப்பு பேசுகிற இடத்தில் நடிகையைப் பற்றி என்ன பேச்சு என்று பின்வரிசையில் இரண்டு பேர் கேட்டுக்கொண்டது காதில் விழுந்தது. நியாயமான கேள்விதான். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்வதுதான் இந்தப் பேச்சு.

நாம் உட்கார்ந்திருக்கும் இடத்திலிருந்து திருநெல்வேலி போகும் ரயிலில் ஏறினால் அடுத்து வருவது ஸ்ரீவைகுண்டம். அந்த ஊரின் பெயரைத் தன் பெயருக்கு முன்னால் ஒற்றை எழுத்தாகச் சுமந்தவர் எஸ்.டி. சுப்புலட்சுமி. முதலில் நாடக மேடை, பிறகு பேசும் படம். 1934இல் வந்த 'பவளக்கொடி'யில் எம்.கே. தியாகராஜ பாகவதருக்கு ஜோடி. பாகவதருக்கு அதுதான் முதல் படம், இவருக்கும் அதுதான் முதல் படம். பாகவதர் பெயரைச் சொன்னால் உங்கள் தாத்தா பாட்டிமார் இன்றைக்கும் இரண்டு பாட்டுப் பாடிக் காட்டுவார்கள். சுப்புலட்சுமி என்றால் எம்.எஸ். என்பார்கள். ஒரே மேடையில் ஒரே நாடகத்தில் நின்று, ஒரே படத்தின் வழியாகத் திரைக்கு வந்தவர்களில் ஒருவர் சகாப்தமாகிவிட்டார். இன்னொருவர் பெயர் சொந்த வட்டாரத்திலேயே மறந்துபோயிற்று. இது ஏன் நடந்தது என்பதைத்தான் நாம் யோசிக்க வேண்டும்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவர் என்ன சாதி, யாருடைய மகள், எந்த வீட்டில் பிறந்தார் என்றெல்லாம் நான் பேசப்போவதில்லை. மேடையில் ஒரு பெண் நின்றால் அவள் பிறப்பைக் கிளறுவதுதான் இந்தச் சமூகத்தின் முதல் வேலை. அந்த வேலையை நாமும் செய்ய வேண்டாம். அவர் செய்த வேலையைப் பார்ப்போம்.

நம்ம ஊரிலிருந்தே தொடங்குகிறேன். ஆழ்வார்திருநகரி என்றால் ஆதிநாதர் கோயில், உறங்காப்புளி, நம்மாழ்வார். கோயிலில் அரையர் சேவை நடக்கிறது. ஸ்ரீரங்கம், ஸ்ரீவில்லிபுத்தூர், கர்நாடகத்தில் மேல்கோட்டை, நம்ம ஊர் என்று ஒருசில தலங்களில் மட்டுமே நிலைத்திருக்கும் கலை அது. தலையில் உயரமான குல்லாய், கையில் தாளம், பாசுரத்தைப் பாடி, அபிநயம் பிடித்து, பொருள் சொல்லுவார்கள். நம்மாழ்வார் பல பாசுரங்களைப் பெண்ணாகத் தன்னைப் பாவித்துப் பாடியிருக்கிறார். பராங்குச நாயகி என்று அந்தப் பெண்ணுக்குப் பெயரே உண்டு. ஆக, ஒரு பெண்ணின் ஏக்கத்தை, ஊடலை, புலம்பலை, ஒரு ஆண் கோயிலுக்குள் நின்று பாடி அபிநயிக்கிறார். அவருக்கு மாலை, பரிவட்டம், தீர்த்தம், சடாரி. அந்த உரிமை தகப்பனிடமிருந்து மகனுக்குப் போகிறது. பிறப்புத்தான் தகுதி.

கோயிலை விட்டு வெளியே வாருங்கள். ஆற்றங்கரை நெடுகச் சுடலைமாடன் கொடை நடக்கிறது. அங்கே மகுடம் அடித்துக் கணியான் கூத்து. அதிலும் ஆண்கள்தான் பெண் வேடம் கட்டி ஆடுகிறார்கள். விடிய விடிய ஆடுகிறவர் கணியான் சமூகத்தவர், பழங்குடிப் பட்டியலில் உள்ளவர். அவர் வாங்குவது கூலி. ஆடாத நாளில் அவரைக் 'கூத்தாடி' என்று கூப்பிடுவார்கள். இரண்டு இடத்திலும் பாட்டு உண்டு, அபிநயம் உண்டு, ஆண் பெண்ணாக மாறுவது உண்டு. ஒன்று சேவை, இன்னொன்று கூத்து. கலையின் தரத்தை வைத்தா இந்தப் பெயர்கள் வந்தன? ஆடுகிறவர் யார், எந்த வாசலுக்கு உள்ளே நிற்கிறார் என்பதை வைத்து வந்தன.

இந்த இரண்டு மேடையிலும் பெண் இல்லை என்பதைக் கவனியுங்கள். பெண்ணின் பாத்திரம் இருக்கிறது, பெண் இல்லை.

பெண் தானே வந்து நின்ற மேடை நாடக மேடை. அதற்கும் நம் பக்கத்துக்கும் உறவு உண்டு. தமிழ் நாடகத் தலைமையாசிரியர் என்று சொல்லப்படும் சங்கரதாஸ் சுவாமிகள் தூத்துக்குடிப் பக்கம் காட்டுநாயக்கன்பட்டியில் 1867இல் பிறந்தவர். வள்ளி திருமணம், பவளக்கொடி, சதி சுலோசனா என்று அவர் எழுதிக் குவித்த நாடகங்கள்தான் அரை நூற்றாண்டு தமிழ் மேடையை நடத்தின. பெண்களை மேடையேற்றினால் பழி வரும், சச்சரவு வரும் என்று பயந்த காலம் அது. ஆகவே சிறுவர்களைச் சேர்த்துப் பாய்ஸ் கம்பெனிகள் நடத்தினார்கள். மீசை அரும்பாத பையன் ஸ்திரீபார்ட். குரல் உடைந்ததும் அவனுக்கு வேறு வேடம், அல்லது வீட்டுக்கு வழி.

அதே காலத்தில் இன்னொரு முறையும் வளர்ந்தது. அதுதான் ஸ்பெஷல் நாடகம். இதில் நிரந்தரக் கம்பெனி கிடையாது. ராஜபார்ட் ஒரு ஊரிலிருந்து வருவார், ஸ்திரீபார்ட் இன்னொரு ஊரிலிருந்து வருவார், பபூன் வேறொரு ஊர், ஆர்மோனியக்காரர் வேறொரு ஊர். அன்றைக்கு ராத்திரிதான் ஒருவரை ஒருவர் மேடையில் பார்ப்பார்கள். ஒத்திகை இல்லை. சுவாமிகளின் பாட்டும் வசனமும் எல்லோருக்கும் மனப்பாடம் என்பதால் நாடகம் நடக்கும். எதிரே நிற்பவர் கேள்வி கேட்டால் உடனே பதில் சொல்ல வேண்டும். பாட்டிலே மடக்கினால் பாட்டிலே திருப்ப வேண்டும். ராத்திரி தொடங்கினால் விடியும்வரை தொண்டை தாங்க வேண்டும். ஒலிபெருக்கி பரவாத நாட்களில் கடைசி வரிசைவரை கேட்கப் பாட வேண்டும். இது எவ்வளவு பெரிய தொழில் திறமை என்று யோசித்துப் பாருங்கள்.

இந்த முறையில் பெண்களுக்கு ஒரு இடம் கிடைத்தது. தனி ஆளாக ஒப்பந்தம் பேசலாம். தன் பெயரை நோட்டீசில் அச்சடிக்க வைக்கலாம். சம்பளம் தன் கைக்கு வரும். 1923இல் திருநெல்வேலி – திருச்செந்தூர் ரயில் பாதை திறக்கப்பட்டது. நாட்டின் மற்ற மூலைகளிலும் பாதைகள் நீண்டுகொண்டிருந்த காலம் அது. ரயில் இருந்ததால்தான் இன்றைக்கு ஒரு ஊர், நாளைக்கு ஒரு ஊர் என்று ஸ்பெஷல் நாடகம் நடந்தது. வயல் வேலைக்கு அல்லாமல், கோயிலுக்கு அல்லாமல், தன் தொழிலுக்காகப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ரயிலேறிய பெண்கள் அவர்கள். சம்பாதிக்கிற, ஊர் சுற்றுகிற, வந்த விலாசம் சொல்லத் தேவையில்லாத பெண்ணைச் சாதிச் சமூகம் எப்படிப் பார்க்கும்? சாதியைக் காப்பாற்றுவதே பெண்ணின் நடமாட்டத்தைக் கட்டுப்படுத்துவதால்தான் என்பதை அம்பேத்கர் 1916லேயே தன் முதல் ஆய்வுக் கட்டுரையில் விளக்கிவிட்டார். நாடக நடிகை அந்தக் கட்டுப்பாட்டுக்கு வெளியே போனவள். அதற்கான தண்டனைதான் அவள்மேல் விழுந்த பழிச்சொல் அத்தனையும்.

அந்த மேடையில்தான் சுப்புலட்சுமி பவளக்கொடியாக நின்றார். பாகவதர் அர்ஜுனன். இவர்களின் நாடகம் கொடிகட்டிப் பறந்ததைப் பார்த்துத்தான் அதைப் படமாக்க முடிவு செய்தார்கள். இயக்கியவர் கே. சுப்பிரமணியம். அவருக்கும் இயக்குநராக அதுவே முதல் படம்.

அன்றைக்குப் படம் எடுத்த விதம் உங்களுக்குத் தெரிந்தால் அந்த நடிகர்கள்மேல் மரியாதை கூடும். பின்னணிப் பாடல் முறை அப்போது தமிழில் வரவில்லை. நடிக்கிறவரே கேமரா முன்னால் பாட வேண்டும், அதே நேரத்தில் ஒலிப்பதிவும் நடக்கும். பக்கவாத்தியக்காரர்கள் கேமராவில் படாமல் ஒளிந்து உட்கார்ந்து வாசிப்பார்கள். சென்னை அடையாறில் திறந்தவெளியில், வெயில் வெளிச்சத்தில்தான் படப்பிடிப்பு. மேகம் மறைத்தால் வேலை நிற்கும். மத்தியானச் சோற்றுக்குக் காக்கை கூடிக் கத்தினால் ஒலிப்பதிவு கெடும் என்று காக்கை விரட்டவே ஒரு ஆளைத் துப்பாக்கியோடு வைத்திருந்தார்கள். இந்தக் கூத்துக்கு நடுவில் சுமார் ஐம்பது பாட்டு. சங்கீதமும் அபிநயமும் சேர்ந்து கைவந்தவர்கள் யார்? நாடக நடிகர்கள்தான். தமிழ் சினிமா பேசக் கற்றுக்கொண்டதே அவர்கள் தொண்டையால்.

பிறகு வரிசையாகப் படங்கள். 1935இல் 'நவீன சதாரம்'. கதாநாயகி ஆண் வேடமிட்டுத் தன் காரியத்தைத் தானே சாதிக்கிற கதை. 1936இல் 'நவீன சாரங்கதரா'. அதில் மூத்தாள் மகன்மீது ஆசை கொள்ளும் சித்ராங்கி. நல்லவளாக மட்டுமே தோன்ற வேண்டும் என்று அவர் பார்க்கவில்லை. அதே 1936இல் 'பக்த குசேலா'. பாபநாசம் சிவன் குசேலராக நடிக்க, சுப்புலட்சுமிக்கு அதில் இரட்டை வேடம். குசேலரின் மனைவி சுசீலையும் அவரே, கண்ணனும் அவரே. இருபத்தேழு பிள்ளைகளைப் பெற்றுப் பசியில் வாடும் ஏழைத் தாயாகவும், துவாரகையை ஆளும் கண்ணனாகவும் ஒரே படத்தில் ஒரே பெண். கோயிலுக்குள் ஆண் பெண்ணாகிப் பாடினால் பக்தி, வெளியே பெண் ஆணாகிப் பாடினால் தொழில். அவ்வளவுதான் வித்தியாசம்.

இப்போது 1939க்கு வருகிறேன். அந்த ஆண்டு மே 20ஆம் தேதி 'தியாக பூமி' வெளியானது. கல்கி எழுதிய கதை. படம் எடுக்கும்போதே ஆனந்த விகடனில் தொடராக வந்தது, படத்தின் காட்சிகளையே கதைக்குப் படங்களாகப் போட்டார்கள். நெடுங்கரை என்னும் கிராமத்துச் சம்பு சாஸ்திரி, புயல் மழையில் வீடிழந்த சேரி மக்களுக்கு அடைக்கலம் தருகிறார். அக்கிரகாரம் அவரைச் சாதிப்பிரஷ்டம் செய்கிறது. அவர் மகள் சாவித்திரி, கல்கத்தாவில் கணவன் வீட்டில் கொடுமை அனுபவித்துக் கர்ப்பிணியாக வெளியேறி, பிள்ளை பெற்று, பிறகு உமாராணி என்ற பெயரில் பெரும் செல்வந்தராகத் திரும்பி வருகிறாள். சாவித்திரி, உமாராணி இரண்டும் சுப்புலட்சுமி.

இந்தப் படம் வந்து ஏழு வாரத்தில், 1939 ஜூலை 8ஆம் தேதி, மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் வைத்தியநாத அய்யர் தலைமையில் ஒடுக்கப்பட்ட மக்கள் நுழைந்தார்கள். அந்தக் குழுவில் கக்கனும் இருந்தார். அப்படிப்பட்ட ஆண்டு அது. தீண்டாமையைத் தொட்டதோடு, காந்திய இயக்கக் காட்சிகளையும் தேசபக்திப் பாடல்களையும் வைத்திருந்த படத்தை ஆங்கிலேய அரசு பிறகு தடை செய்தது.

நாம் இந்தப் படத்தை எப்படிப் பார்ப்பது? இரண்டையும் சொல்ல வேண்டும். 1939இல் வெகுமக்கள் ஊடகத்தில் அக்கிரகாரத்தின் கொடுமையை அக்கிரகாரத்துப் பாத்திரங்களை வைத்தே காட்டியது சின்ன விஷயம் அல்ல. இதே சுப்பிரமணியம் 1937இல் 'பாலயோகினி' எடுத்தபோது தஞ்சாவூர்ப் பார்ப்பனர்கள் கூடி அவரைச் சாதிவிலக்கம் செய்தார்கள். அவர் விலை கொடுத்துத்தான் எடுத்தார். அதே நேரத்தில், புயலில் அடைக்கலம் தேடி வந்த மக்களுக்குப் படத்தில் என்ன வேலை? சாஸ்திரியின் பெருந்தன்மை தெரிய வேண்டும் என்பதற்காக அவர்கள் நனைகிறார்கள். தியாகம் அவருடையது, பூமி அவர்கள் உழுதது. ஒடுக்கப்பட்டவர் தன் கதையின் நாயகராக நிற்க அந்தப் படத்தில் இடமில்லை.

அந்த இடத்தில் உண்மையிலேயே ஒரு தலித் பெண் வந்து நின்றால் என்ன ஆகும் என்பதற்கு நமக்கு வெகு அருகிலேயே சாட்சி இருக்கிறது. கன்னியாகுமரி மாவட்டம் அகஸ்தீஸ்வரத்தில் பிறந்த ஜே.சி. டேனியல் எடுத்த 'விகதகுமாரன்', மலையாளத்தின் முதல் படம், மௌனப் படம். அதில் நாயகி பி.கே. ரோஸி. காக்காரிசி என்னும் நாட்டார் நாடகத்தில் நடித்து வந்த தலித் பெண். படத்தில் அவருக்கு நாயர் பெண் வேடம். திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டரில் படம் ஓடியபோது, ஒரு தலித் பெண் நாயர் பெண்ணாகத் திரையில் தெரிவதா என்று ஆதிக்க சாதியினர் திரைமேல் கல்லெறிந்தார்கள். அவர் குடிசையைக் கொளுத்தினார்கள். ஊரைவிட்டு ஓடிய ரோஸி நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து முடித்தார். அதன்பிறகு அவர் நடிக்கவே இல்லை.

1935இல் கே.பி. சுந்தராம்பாள் 'பக்த நந்தனார்' படத்தில் நந்தனாகவே நடித்தார். ஒரு லட்சம் ரூபாய் சம்பளம். அன்றைக்கு அது கேட்டிராத தொகை. நாடக மேடையில் எஸ்.ஜி. கிட்டப்பாவோடு பாடிப் புகழ்பெற்று, கணவர் இறந்த துயரத்தோடு ஒதுங்கியிருந்த பெண்ணுக்கு அந்த மரியாதை கிடைத்தது நமக்கு மகிழ்ச்சிதான். ஆனால் கணக்கைப் பாருங்கள். தலித்தாக மற்றவர் நடிக்கலாம், அதற்கு லட்ச ரூபாய். மற்றவராகத் தலித் நடிக்கக் கூடாது, அதற்குக் கல்லும் தீயும். நடிப்பு என்பதே இன்னொருவராக மாறுவது. சாதி என்பது யாரும் மாற முடியாது என்ற சட்டம். சாதிக்கு நடிப்பின்மேல் இவ்வளவு கோபம் வருவதற்குக் காரணம் இதுதான்.

'தியாக பூமி'க்குள்ளேயே இன்னொரு கணக்கு இருக்கிறது. சம்பு சாஸ்திரியாக நடித்தவர் பாபநாசம் சிவன். பெரிய வாக்கேயக்காரர், பார்ப்பனர். சினிமாவில் நடித்ததால் அவர் பெயருக்கு ஒரு குறையும் வரவில்லை. தமிழ்த் தியாகராஜர் என்று புகழப்பட்டார், 1972இல் பத்மபூஷண் விருது பெற்றார். நடித்தது அவர் வாழ்க்கை வரலாற்றில் ஒரு சுவையான பக்கம், அவ்வளவே. படத்தில் தேசபக்திப் பாட்டுப் பாடியவர் டி.கே. பட்டம்மாள், அவரும் பார்ப்பனக் குடும்பத்துப் பெண். அவர் குரல் மட்டும் வந்தது. உருவம் வரவில்லை. பக்திப் பாட்டும் தேசபக்திப் பாட்டும் மட்டுமே சினிமாவுக்குப் பாடுவேன் என்று அவர் வரம்பு வைத்திருந்தார். அப்படி வரம்பு வைக்காமல் ஒரு குடும்பப் பெண் மரியாதையோடு இருக்க முடியாது என்று சமூகம் வைத்திருந்த நிலை அது. பட்டம்மாளை நான் குறை சொல்லவில்லை, கச்சேரி மேடையிலேயே அவர் உடைத்த தடைகள் பல. நான் சொல்வது இதுதான்: ஒரே படத்தில் ஆணின் உடலுக்குப் பங்கமில்லை, 'குடும்பப் பெண்'ணின் குரலுக்குப் பங்கமில்லை. முகத்தையும் உடலையும் ஊர் பார்க்கக் கொடுத்த நடிகைக்கு மட்டும் பாரம். அந்த முகம் இல்லையென்றால் படமே இல்லை.

அந்த முகம் திரையில் என்ன செய்தது என்று சொல்கிறேன். படத்தின் உச்சம் நீதிமன்றக் காட்சி. உமாராணி பணக்காரி ஆனதும், துரத்திய கணவன் வந்து, இவள் என் மனைவி, என்னோடு வாழ உத்தரவிட வேண்டும் என்று வழக்குப் போடுகிறான். சுப்புலட்சுமி கூண்டில் நின்று முடியாது என்கிறார். வேண்டுமானால் ஜீவனாம்சம் நான் தருகிறேன் என்கிறார். பெண்டாட்டி புருஷனுக்கு ஜீவனாம்சம்! தியேட்டரில் தரை டிக்கெட்டில் உட்கார்ந்திருந்த பெண்களுக்கு இது எப்படிக் கேட்டிருக்கும்?

இந்தச் சிந்தனை திடீரென்று வானத்திலிருந்து விழவில்லை. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாகாண மாநாடு பெண்ணுக்குச் சொத்துரிமை, மணவிலக்கு உரிமை இரண்டையும் தீர்மானமாகப் போட்டுவிட்டது. பத்தாண்டு மேடை மேடையாகப் பேசப்பட்ட ஒன்று, 1939இல் காங்கிரஸ் சார்பான ஒரு படத்துக்குள்ளும் வந்து சேர்ந்தது. அன்றைக்கு இந்துப் பெண்ணுக்கு மணவிலக்குச் சட்டம் சென்னை மாகாணத்தில் கிடையாது. 1949இல்தான் வந்தது. நாடு முழுவதற்குமான இந்துத் திருமணச் சட்டம் 1955இல்.

அந்த 1955 சட்டத்திலும் ஒன்பதாவது பிரிவு இருக்கிறது. பிரிந்துபோன துணையைச் சேர்ந்து வாழ உத்தரவிடும்படி நீதிமன்றத்தைக் கேட்கலாம் என்கிறது அது. உமாராணிமேல் போட்ட வழக்கு அப்படியே சட்டத்தில் உட்கார்ந்திருக்கிறது. 1983இல் ஆந்திர உயர் நீதிமன்றத்தில் அந்தப் பிரிவை எதிர்த்து நின்றவர் யார் தெரியுமா? டி. சரிதா, திரைப்பட நடிகை. பெண்ணின் உடலை அவள் விருப்பத்துக்கு மாறாக அரசு ஒப்படைப்பதாகாதா என்ற கேள்வியை எடுத்துக்கொண்டு, அந்தப் பிரிவு அரசமைப்புக்கு விரோதம் என்று நீதிபதி சௌத்ரி தீர்ப்பளித்தார். அடுத்த ஆண்டே, 1984இல், வேறொரு வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தப் பார்வையை ஏற்க மறுத்துப் பிரிவு செல்லும் என்றது. 1939இல் ஒரு நடிகை திரையில் பேசியதை, 44 ஆண்டுக்குப் பிறகு இன்னொரு நடிகை உண்மையான நீதிமன்றத்தில் பேச வேண்டியிருந்தது. நடிகைகளுக்குப் புரட்சி எதற்கு என்று கேட்பவர்களுக்கு இந்த இரண்டு தேதிகளையும் சொல்லுங்கள்.

சரி, இவ்வளவு செய்த சுப்புலட்சுமியை வரலாறு எப்படி எழுதுகிறது? தன் படங்களை இயக்கிய சுப்பிரமணியத்தை அவர் மணந்துகொண்டார். இயக்குநருக்கு அது இரண்டாவது மணம். 'அனந்த சயனம்' (1942), 'மானசம்ரட்சணம்' (1945) என்று தொடர்ந்து நடித்தார். வயதான பிறகு தாய் வேடங்களில் வந்தார். சினிமா வரலாறு பேசும் பல பக்கங்களில் அவருக்குக் கிடைப்பது ஒரு வாக்கியம்: இயக்குநரின் மனைவி, அவர் படங்களின் நாயகி. கே. சுப்பிரமணியம் தமிழ் சினிமாவின் தந்தை என்று சொல்லப்படுகிறார். தகுதியான பெயர்தான். ஆனால் ஒரு கணக்குப் பாருங்கள். 'பவளக்கொடி' படமாகும் முன்பே மேடையில் அந்த நாடகத்தின் வெற்றி இவருடையது. படக்காரர்கள் இவரைத் தேடி வந்தார்கள், இவர் அவர்களைத் தேடிப் போகவில்லை. பாகவதரைப் பற்றி எழுதும்போது யாரும் 'சுப்புலட்சுமிக்கு ஜோடியாக நடித்தவர்' என்று தொடங்குவதில்லையே.

ஆணின் தொழில் அவனுடையதாக எழுதப்படுகிறது, பெண்ணின் தொழில் அவள் உறவாக எழுதப்படுகிறது. டி.பி. ராஜலட்சுமியைப் பாருங்கள். குழந்தை மணத்திலிருந்து வெளியேறி நாடகத்துக்கு வந்து, 1931இல் தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' நாயகியாகி, 1936இல் 'மிஸ் கமலா'வைத் தானே எழுதி இயக்கினார். எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும்?

இதெல்லாம் பழைய கதை என்று நினைக்க வேண்டாம். 2025 மார்ச்சில், இதே ஸ்ரீவைகுண்டம் வட்டாரத்தில், பதினோராம் வகுப்புத் தேர்வெழுதப் பேருந்தில் போன ஒரு பட்டியலின மாணவனை இறக்கி, கைவிரல்களை வெட்டினார்கள். கபடிப் போட்டியில் அவன் ஜெயித்ததுதான் காரணம் என்று குடும்பத்தார் சொன்னார்கள். ஆடுகளம் என்ற சொல்லைக் கொஞ்சம் யோசியுங்கள். கபடி ஆடுவதும் ஆட்டம்தான், கூத்து ஆடுவதும் ஆட்டம்தான். ஒதுக்கப்பட்ட இடத்தை விட்டு வெளியே வந்து, எல்லோரும் பார்க்கும்படி, எல்லோரையும்விடத் திறமையாக ஒருவர் ஆடிக் காட்டினால் சாதி வெறி கொண்டவனுக்குப் பொறுக்காது. ரோஸியின் குடிசைக்கு வைத்த தீயும் இந்த அரிவாளும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன. திறமைக்குச் சாதி இல்லை என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். திறமையை நாலு பேர் முன்னால் காட்டும் உரிமைக்கு இன்றைக்கும் சாதி இருக்கிறது.

இலங்கைப் பேராசிரியர் கார்த்திகேசு சிவத்தம்பி ஒரு முக்கியமான விஷயத்தைக் கவனித்து எழுதியிருக்கிறார். தமிழர்கள் எல்லோரும் சாதி வித்தியாசமில்லாமல் ஒரே கூரையின்கீழ் உட்கார்ந்து பார்த்த முதல் நிகழ்கலை இடம் சினிமாக் கொட்டகை என்பது அவர் கருத்து. காசு கொடுத்தால் டிக்கெட். தரையா பெஞ்சா நாற்காலியா என்பதைக் காசு தீர்மானித்தது. அதுவும் ஏற்றத்தாழ்வுதான், ஆனால் பிறப்பு தீர்மானிக்கவில்லை. கோயிலுக்குள் விடாத காலத்தில், கொட்டகைக்குள் சேரிக்காரரும் உட்கார்ந்து 'தியாக பூமி' பார்த்தார். அந்தக் கூரையைத் தூக்கி நிறுத்தியது முதலாளிகளின் பணம் மட்டுமல்ல. பழிச்சொல்லைச் சுமந்துகொண்டு திரையில் வந்து நின்ற பெண்களை நம்பித்தான் அந்தக் கூட்டம் வந்தது.

ஆகவே தோழர்களே, மூன்று வேலைகளை உங்களிடம் கேட்டு முடிக்கிறேன்.

ஒன்று, 'கூத்தாடி' என்ற சொல். அரசியல்வாதியாகிவிட்ட நடிகரைத் திட்டுவதற்கு நம் தோழர்களே அந்தச் சொல்லை வலைத்தளத்தில் எழுதுகிறார்கள். அவர் அரசியலைத் திட்டுங்கள், ஊழலைத் திட்டுங்கள். தொழிலின் பெயரால் திட்டும்போது அடி அவர்மேல் விழாது. கொடையில் மகுடம் அடிப்பவர்மேல், கரகம் ஆடும் பெண்மேல்தான் விழும். 'தேவடியா' என்ற சொல்லையும் சேர்த்துச் சொல்கிறேன். அந்த முறையை ஒழிக்க மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் வாழ்நாளெல்லாம் போராடி, 1947இல் சட்டம் வந்தது. முறை போனது, வசவு மட்டும் நம் வாயில் நிற்கிறது. அதையும் ஒழிக்க வேண்டும்.

இரண்டு, பெயர்களைச் சேகரியுங்கள். ஸ்பெஷல் நாடகம் செத்துவிடவில்லை. மதுரையில், புதுக்கோட்டையில், காரைக்குடியில் நாடக நடிகர் சங்கங்கள் இருக்கின்றன. அமெரிக்க ஆய்வாளர் சூசன் சைசர் இங்கே வந்து தங்கி, அந்த நடிகைகள் சுமக்கும் இழிவைப் பற்றி 2005இல் ஒரு புத்தகமே எழுதிவிட்டார். அடுத்த தெருவில் இருக்கும் நாம் ஒரு குறிப்பேடாவது வைத்திருக்கிறோமா? உங்கள் ஊர்க் கொடைக்கு வரும் வில்லுப்பாட்டுக் கலைஞர், கரகாட்டக்காரி, கணியான் கூத்துக்காரர், நாடக நடிகை, இவர்கள் பெயர், ஊர், யாரிடம் கற்றார், எத்தனை வருடம் ஆடுகிறார், என்ன கூலி என்று அவர்கள் சம்மதத்தோடு கேட்டு எழுதுங்கள். கைப்பேசியில் ஆட்டத்தை மட்டும் படம்பிடித்துப் போடாமல் பெயரையும் போடுங்கள்.

மூன்று, உங்கள் வீட்டில், உங்கள் தெருவில் ஒரு பெண் பிள்ளை பாட வேண்டும், ஆட வேண்டும், நடிக்க வேண்டும் என்று சொன்னால் என்ன பதில் கிடைக்கிறது என்று கவனியுங்கள். பள்ளி ஆண்டு விழாவரை கைதட்டுவார்கள். அதற்குமேல் போனால் 'நம்ம சாதிசனம் என்ன சொல்லும்' என்பார்கள். அந்த ஒரு வாக்கியத்தில் சாதியும் ஆணாதிக்கமும் ஒன்றாக உட்கார்ந்திருக்கின்றன. அந்த இடத்தில் அவள் பக்கம் நின்று பேச ஒரு ஆளாவது வேண்டும். அண்ணனாக, தோழனாக, சித்தியாக அந்த ஆள் நீங்களாக இருங்கள்.

'தியாக பூமி'யின் ஒரு பிரதி புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் பாதுகாக்கப்பட்டது. அதனால்தான் அந்தப் பெண் கூண்டில் நின்று 'முடியாது' என்று சொல்வதை இன்றைக்கும் பார்க்க முடிகிறது. அடுத்த கூட்டத்தில் நாம் எல்லோரும் சேர்ந்து அதைப் பார்ப்போம். ஸ்ரீவைகுண்டத்துப் பிள்ளைகளையும் அழைத்து வாருங்கள். பார்த்துவிட்டு நிறைய சண்டை போடுவோம். சாஸ்திரியைப் பற்றிச் சண்டை போடுவோம், கல்கியைப் பற்றிச் சண்டை போடுவோம். நடித்தவர் யார் என்று யாராவது கேட்டால் மட்டும், இயக்குநரின் மனைவி என்று தொடங்காமல் அவர் பெயரைச் சொல்லுங்கள்.